பல் பதிந்த மரக்கரண்டி

என் கடையில் கல்லாப்பெட்டிக்குப் பின்னால் ஓர் ஆணியில் மரக்கரண்டி ஒன்று தொங்குகிறது. பெரிய பானையில் பொங்கல் கிண்டுவதற்கென்று செய்த, நீளக் கைப்பிடி வைத்த கரண்டி. கைப்பிடியின் நடுவில் மரம் நசுங்கி, நார் நாராகப் பிய்ந்து, உள்ளே வெளுத்துத் தெரியும். இந்தத் தீவின் தமிழர் கடைத்தெருவான தேக்காவில் பூசைச் சாமான் வாங்க வருகிறவர்களுக்கு விற்கிற பொருளைவிட விற்காத பொருள்மேல்தான் கண் போகும். "அது என்ன விலைக்கா?" என்பார்கள். அது விற்பனைக்கு இல்லை என்பேன். "எலி கடிச்சிருச்சா?" என்று கேட்கிறவர்களும் உண்டு. மாடு கடித்தது என்று சொன்னால் கிண்டல் செய்கிறேன் என்று நினைத்துச் சிரித்துக்கொண்டே போய்விடுவார்கள். அது கடித்த அந்த மதியத்தைத்தான் சொல்ல வந்தேன்.

முதலில் என் பயத்தைச் சொல்லிவிடுகிறேன். நான் இந்தத் தீவிலேயே பிறந்து, அடுக்குமாடி வீட்டில் வளர்ந்தவள். நாலு கால் உள்ள எதைக் கண்டாலும் எனக்குக் குலை நடுங்கும். எங்கள் புளோக்கின் பூனை லிஃப்ட் வாசலில் படுத்திருந்தால், அது தானாக எழுந்து போகும் வரைக்கும் தபால்பெட்டிகளின் பக்கத்தில் கடிதம் தேடுவதுபோல் நின்றுகொண்டிருப்பேன். "சோபாவுக்கும் நாலு காலுதான், அதுல மட்டும் நல்லா படுத்துக்கிறியே" என்பார் என் வீட்டுக்காரர். அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்பார்கள். எனக்கு வால் இருப்பதெல்லாம் பேய். கடையில் காமதேனு படத்துக்குத் தினமும் பூ வைக்கிறேனே என்று கேட்டால், படத்தில் இருக்கிற மாடு நகராது, அதனால்தான் வைக்கிறேன்.

ஒவ்வொரு பொங்கலுக்கும் எங்கள் வட்டாரத்துக்கு மாடுகளைக் கொண்டுவருவார்கள். தீவின் மறுகோடியில், கிராஞ்சியைத் தாண்டி உள்ளே இருக்கும் ஒரு பால் பண்ணையிலிருந்து லாரியில் ஏற்றி வந்து, தெருவில் வேலி அடைத்து, வைக்கோல் பரப்பிக் கட்டிவைப்பார்கள். பாலை அட்டைப்பெட்டியில் மட்டுமே பார்த்த பிள்ளைகளுக்கு மாட்டை நேரில் காட்டுவதற்கான ஏற்பாடு. முன்பெல்லாம் அந்த வேலி தெருவின் மறுகோடியில்தான் இருக்கும். நானும் அந்த நாட்களில் அந்தப் பக்கம் தலைவைத்துப் படுக்க மாட்டேன். ஒரு வருடம் அங்கே மேடை போட இடம் வேண்டும் என்று சொல்லி, வேலியைக் கொண்டுவந்து என் கடைக்கு நேர் எதிரே அடைத்தார்கள். காலையில் கடை திறக்க வந்தவள், என் வாசலைப் பார்த்தபடி ஒரு பெரிய கறுப்புவெள்ளை மாடு நிற்பதைக் கண்டேன். அப்படியே திரும்பி, தெருவைச் சுற்றிப் பின்சந்து வழியாக உள்ளே போனேன். பண்டிகை வியாபாரம் கொட்டுகிற நேரத்தில் சொந்தக் கடைக்குத் திருடன்போல் பின்வாசல் வழியாக வந்த முதலாளி நானாகத்தான் இருக்கும்.

அந்த மாட்டோடு வந்தவர்தான் நான் சொல்ல வந்த மனிதர். பண்ணையில் வேலை பார்த்தவர், ராமநாதபுரம் பக்கம் ஊர். என்னைவிட இளையவர் என்பதால் நான் தம்பி என்றே கூப்பிட்டேன், அவர் என்னை அக்கா என்றார். மெலிந்த உடம்பு, குரலும் சன்னம். மாட்டுக்குப் பண்ணையில் பெயர் கிடையாது, காதில் மாட்டிய மஞ்சள் அட்டையில் ஓர் எண் மட்டும்தான். அவர் அதைப் பாப்பா என்று கூப்பிட்டார். பிறந்ததும் தாய் செத்துப்போக, கன்றுக்குப் புட்டியில் பால் கொடுத்து வளர்த்தது அவர்தானாம். "பண்ணையில மத்த எல்லாரும் மியன்மார்க்காரங்கக்கா. நல்லவங்கதான். ஆனா நான் தமிழ்ல வாயத் தொறக்குறதுன்னா இவகிட்டதான்" என்றார். அது உண்மைதான் என்று சீக்கிரமே தெரிந்துகொண்டேன். அவர் அதனுடன் பேசிக்கொண்டே இருந்தார். வெயில், ஊரில் பெய்த மழை, தங்கைக்கு வந்த வரன், எல்லாவற்றையும் அதனிடம் ஒப்பித்தார். அதுவும் காதை ஆட்டிக்கொண்டு கேட்டது.

அன்பாகப் பேசுகிறவர் என்று நினைத்தால், வேலிக்கு வெளியே நின்றவர்களிடம் எரிந்து விழுந்தார். யாராவது வாழைப்பழத்தோடு வந்தாலே, "கொடுக்காதீங்க, கொடுக்காதீங்க" என்று ஓடிவருவார். வைக்கோலும் அவர் கொண்டுவந்த தீவனமும் தவிர ஒன்றும் அதன் வாயில் படக்கூடாது. எனக்கே கொஞ்சம் எரிச்சலாக இருந்தது. கடையின் கண்ணாடி அலமாரிக்கு இந்தப் பக்கம் நின்றுகொண்டு, "பண்டிகை நாள்ல ஏம்ப்பா இப்படி எரிஞ்சு விழுற?" என்று கேட்டேன்.

"எல்லாருக்கும் பொங்கல்னா சந்தோஷம்கா. எனக்குத்தான் பயம்" என்றார்.

"உனக்கு என்ன பயம்? மாடு உன்னோடதுதானே."

"மாட்டப் பாத்து இல்லக்கா. தட்டப் பாத்து."

எனக்கு அது அப்போது விளங்கவில்லை. என் பயம் எனக்கே போதுமானதாக இருந்தது. கடைக்குள் இருக்கும்போதும் என் கண் மாட்டைவிட்டு அகலாது. கற்பூரம் எடுத்துக்கொடுப்பேன், கண் மாட்டின்மேல். சில்லறை எண்ணுவேன், கண் மாட்டின்மேல். எப்போது கயிற்றை அறுத்துக்கொண்டு உள்ளே வருமோ என்று காவல் இருந்தேன். அப்படிப் பார்த்துப் பார்த்து ஒன்று கண்டுபிடித்தேன். அது அசை போட்டுக்கொண்டிருக்கும் வரையில் ஆபத்து இல்லை. தாடை இடமும் வலமுமாக அரைத்துக்கொண்டிருக்கும், கண் பாதி மூடியிருக்கும், உலகத்தில் எதுவும் அதற்கு ஒரு பொருட்டில்லை. தாடை நின்றால்தான் எனக்கு மூச்சு நிற்கும். ஓர் உருண்டை விழுங்கி, அடுத்த உருண்டை கழுத்து வழியாக மேலே ஏறி வந்து, தாடை மறுபடி நகரத் தொடங்கியதும் நானும் மூச்சு விடுவேன். பொங்கலுக்கு முந்திய சில நாட்கள் எனக்கு இப்படித்தான் போயின.

மாட்டுப் பொங்கலன்று கூட்டம் நெரித்தது. பாப்பாவுக்குக் கொம்பு கிடையாது, கன்றாக இருந்தபோதே தீய்த்துவிட்டார்கள். கொம்புக்கு வண்ணம் பூச ஆசையோடு வந்தவர்கள் ஏமாந்து, நெற்றி முழுக்க மஞ்சளும் குங்குமமுமாக அப்பினார்கள். கழுத்தில் மாலைமேல் மாலை. மேடையில் பேச்சு ஆரம்பித்தது. மதியம்போல் ஏற்பாட்டாளர்களில் ஒருவர் வந்து, மாட்டைப் பராமரிப்பவருக்குப் பொன்னாடை போர்த்தப் போகிறோம், உடனே மேடைக்கு வாருங்கள் என்று தம்பியைக் கையைப் பிடித்து இழுத்தார். அவர் மாட்டேன் என்றார். "மரியாத செய்யறப்ப வேணாம்னு சொல்லக்கூடாதுப்பா" என்று நாலு பேர் சேர்ந்துகொண்டார்கள். கடைசியில், வேலிக்குப் பக்கத்தில் நின்ற இரண்டு தொண்டூழியப் பெண்களிடம், யாரையும் எதையும் கொடுக்க விடாதீர்கள் என்று திரும்பத் திரும்பச் சொல்லிவிட்டுத் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனார்.

பொன்னாடை என்றால் சும்மா போர்த்திவிட்டு அனுப்புவார்களா? அதற்கு முன்னால் ஒரு வாழ்த்துரை, ஒரு சிறப்புரை, ஒரு புகைப்படம். இங்கே வேலியைச் சுற்றிக் கூட்டம் சுவர்போல் அடைத்துவிட்டது. எனக்கு மாடு தெரியவில்லை. தெரியாதவரை நிம்மதி என்று நானும் வியாபாரத்தைப் பார்த்தேன். பிறகு அந்தப் பெண்கள் அழுதுகொண்டே சொன்னதிலிருந்துதான் நடந்தது தெரிந்தது. முதலில் ஒரு பெரியவர் வாழை இலையில் சர்க்கரைப் பொங்கலோடு வந்திருக்கிறார். கொடுக்கக்கூடாது என்று பெண்கள் சொல்லியிருக்கிறார்கள். "இன்னிக்கு அவளுக்குத்தான்மா விசேஷம். அவளுக்குக் கொடுக்காம நாம மட்டும் திங்கிறதா? ஒரு வாய்தானே" என்றிருக்கிறார். பெரியவர் சொல்லும்போது எப்படி மறுப்பது என்று இந்தப் பிள்ளைகள் பேசாமல் இருந்துவிட்டார்கள். அவருக்குப் பின்னால் நின்றவருக்கும் ஒரு வாய்தான். அதற்குப் பின்னால் நின்றவருக்கும் ஒரு வாய்தான். நெய்யும் வெல்லமும் பச்சரிசியுமாக, வீட்டுக்கு வீடு பார்த்துப் பார்த்துச் செய்த பொங்கல். பாப்பாவுக்கும் அது பிடித்துப்போயிருக்கிறது. இலை இலையாக, தட்டுத் தட்டாக, கும்பிட்டுக் கும்பிட்டுக் கொடுத்திருக்கிறார்கள். அளவுக்கு மிஞ்சினால் அமுதமும் நஞ்சு என்று வீட்டில் பிள்ளைகளுக்குச் சொல்கிற அதே வாய்கள்தான்.

மேடையில் கைத்தட்டல் கேட்டதும் கூட்டம் அந்தப் பக்கம் நகர்ந்தது. பழக்கத்தில் என் கண் மாட்டின் தாடைக்குப் போனது. தாடை நகரவில்லை. சரி, அடுத்த உருண்டை ஏறும் என்று காத்திருந்தேன். ஏறவில்லை. மாடு தலையைத் தாழ்த்தி, கழுத்தை முன்னால் நீட்டி, பின்காலால் தன் வயிற்றையே உதைத்தது. இடப்பக்கம், விலா எலும்புக்குப் பின்னால், முன்பு பள்ளமாக இருந்த இடம் மேடாக எழும்பியிருந்தது. என் பயம் எனக்கு வேறு எதையும் கற்றுத்தரவில்லை, அந்த உடம்பை மட்டும் மனப்பாடமாக்கித் தந்திருந்தது. இது சரியில்லை என்று தெரிந்தது. அந்தப் பெண்களிடம் கத்தினேன். "அவ ஓகேதான் லா ஆன்ட்டி, நல்லா சாப்பிட்டா" என்றாள் ஒருத்தி.

முன்வாசல் வழியாக வெளியே ஓடினேன். மாடு வந்த நாளிலிருந்து அந்த வாசலில் நான் கால் வைத்தது அப்போதுதான். மேடையில் தம்பி தோளில் சரிகைப் பொன்னாடையோடு, இரண்டு பெரிய மனிதர்களுக்கு நடுவில் புகைப்படத்துக்கு நின்றிருந்தார். கூட்டத்துக்குப் பின்னாலிருந்து, "பாப்பா அசை போடலப்பா!" என்று அலறினேன். எல்லாரும் திரும்பி என்னைப் பைத்தியத்தைப் பார்ப்பதுபோல் பார்த்தார்கள். அவருக்கு மட்டும் அந்த ஒரு வாக்கியம் போதுமானதாக இருந்தது. மேடையிலிருந்து அப்படியே குதித்தார்.

இடது விலாவுக்குப் பின்னால் அவர் விரலால் சுண்டிப் பார்த்தார். இழுத்துக் கட்டிய தவில்போல் சத்தம் வந்தது. அவர் முகம் வெளிறிப்போனதைப் பார்த்தேன். தரையில் கிடந்த இலைகளையும் தட்டுகளையும் பார்த்தார். யாரையும் திட்டவில்லை, அதுதான் என்னை இன்னும் பயமுறுத்தியது. மாட்டு டாக்டருக்குப் போன் போட்டு, எல்லாரும் கேட்கும்படி ஸ்பீக்கரில் வைத்தார். டாக்டரம்மா பண்ணைப் பக்கத்திலிருந்து கிளம்பி வரவேண்டும், தீவின் அந்தக் கோடி. அவர் ஆங்கிலத்தில் சொன்னதை நான் தமிழில் சொன்னேன். வயிற்றில் காற்று அடைத்துக்கொண்டிருக்கிறது. ஏப்பம் வந்தாக வேண்டும். முன்கால்கள் உயரமாக இருக்க வேண்டும், வாயில் குறுக்கே ஒரு கட்டை கொடுத்துக் கட்டுங்கள், மென்றுகொண்டே இருக்கும். எக்காரணம் கொண்டும் படுக்க விடாதீர்கள், படுத்தால் மூச்சு முட்டிவிடும்.

அதற்குள் சுற்றி நின்றவர்கள் வைத்தியம் சொல்ல ஆரம்பித்தார்கள். இஞ்சி கொடு, பெருங்காயம் கரைத்து ஊற்று, சோடா கொடு. ஒருவர் நிஜமாகவே சோடா புட்டியோடு வந்துவிட்டார். "இனிமே யாரும் ஒண்ணும் கொடுக்கக்கூடாது!" என்று தம்பி கத்தினார். அந்தச் சன்னக் குரலுக்குள் அவ்வளவு சத்தம் இருந்தது யாருக்கும் தெரியாது. பிறகு சுற்றும் முற்றும் பார்த்தார். தெரு முழுக்கச் சமதளம். உயரமான இடம் ஒன்றே ஒன்றுதான் இருந்தது, என் கடையின் முன்திண்ணையான அஞ்சடிக்கு ஏறும் படிகள்.

"அக்கா" என்றார். படியைக் கையால் காட்டினார். நான் கடைக்குள் ஓடி, தொங்கிக்கொண்டிருந்த பொங்கல் கரண்டிகளில் நீளமானதை உருவிக்கொண்டு வந்தேன். தம்பி அதை மாட்டின் வாயில் குறுக்கே கொடுத்து, தோளில் கிடந்த பொன்னாடையைக் கிழித்துக் காதுகளுக்குப் பின்னால் இழுத்துக் கட்டினார். பிறகு நாலு பேர் பின்னாலிருந்து தள்ள, பாப்பா தள்ளாடித் தள்ளாடி, முன்கால் இரண்டையும் என் அஞ்சடிமேல் வைத்தது. கழுத்தும் தலையும் கடைக்குள் வந்துவிட்டன. வாசலில் அடுக்கியிருந்த பித்தளை விளக்குகள் சரிந்து உருண்டன. தம்பி பக்கவாட்டில் நின்று வயிற்றை அழுத்தித் தேய்க்க வேண்டும், மற்றவர்கள் பின்னால் முட்டுக்கொடுக்க வேண்டும். முன்னால் நின்று தலையைப் பிடிக்க, அதற்கு வழிவிட்டுக் கடைக்குள் ஒதுங்கிய நான் ஒருத்திதான் இருந்தேன்.

அந்த முகம் என் முகத்துக்கு ஒரு சாண் தூரத்தில் இருந்தது. என் தலையைவிடப் பெரிய தலை. மூக்கிலிருந்து சூடான காற்று சீறிக்கொண்டு என் கழுத்தில் அடித்தது. நாக்கு வெளியே தள்ளி, எச்சில் நூலாக என் கைமேல் வழிந்தது. கரண்டியின் ஒரு முனையை ஒரு கையாலும் கயிற்றை மறு கையாலும் பிடித்திருந்தேன். ஓடிவிடலாம் என்றால் பின்சந்துக் கதவு திறந்துதான் கிடந்தது. அதன் கண் உருண்டு, வெள்ளை தெரிய, என்னைப் பார்த்தது. அத்தனை நாளும் அந்தக் கண்ணைப் பார்த்துத்தான் நடுங்கினேன். அதற்குள்ளே இருந்தது என் பயமேதான் என்று கிட்டே பார்த்தபோது தெரிந்தது. அதற்கு என்ன நடக்கிறது என்று தெரியவில்லை, பிடித்திருப்பவள் யார் என்றும் தெரியவில்லை.

"பேசுங்கக்கா!" என்று வெளியிலிருந்து தம்பி கத்தினார். "சத்தம் கேட்டா நிப்பா. பேசிக்கிட்டே இருங்க, விட்றாதீங்க!"

மாட்டிடம் என்ன பேசுவது? சாமி பெயர்கூட நாக்கில் வரவில்லை. வந்தது கடைச் சரக்குதான். "சாம்பிராணி இருக்கு, கற்பூரம் இருக்கு, கோலமாவு இருக்கு, திரிநூல் இருக்கு, சந்தனம் இருக்கு, பன்னீர் இருக்கு..." அலமாரி அலமாரியாகச் சொல்லிக்கொண்டே போனேன், முடிந்ததும் முதலிலிருந்து ஆரம்பித்தேன். அதன் கால் ஒருமுறை மடங்கியது. வெளியே தம்பி, "பாப்பா, பாப்பா, நில்லு தாயி" என்று அழத் தொடங்கிவிட்டார். "விழுந்துராதடி, நான் யார்கிட்டடி பேசுவேன்" என்றார். நான் அழுதேனா என்று தெரியாது. திரிநூலையும் சந்தனத்தையும் விடாமல் சொன்னேன். அது கரண்டியைக் கடித்தது. மரம் நறுக்கென்று நசுங்குவது என் உள்ளங்கைவரை தெரிந்தது. மறுபடி கடித்தது. தாடை இடமும் வலமுமாக நகர்ந்தது.

பிறகு ஓர் ஏப்பம் விட்டது. அப்படி ஒரு சத்தத்தை நான் அதற்கு முன்பு கேட்டதில்லை. புளித்த வெல்லமும் ஏலக்காயும் நெய்யுமாக, தெருவின் பொங்கல் வாசனை முழுவதும் என் முகத்தில் அடித்தது. இன்னொரு ஏப்பம், அதற்குப் பின்னால் இன்னொன்று. வெளியே யாரோ கைதட்டினார்கள். தம்பி கைதட்டவில்லை, வயிற்றைத் தேய்ப்பதையும் நிறுத்தவில்லை. டாக்டரம்மா வந்து, வாய் வழியாகக் குழாயை இறக்கி மீதிக் காற்றை வெளியேற்றி, மருந்து கரைத்து ஊற்றி, உடனே பண்ணைக்குக் கொண்டுபோகச் சொன்னார். இன்னும் இரண்டு மூன்று நாட்கள் போனால்தான் எதையும் சொல்ல முடியும் என்றார். லாரி கிளம்பும்போது தம்பி பின்னால், மாட்டோடு நின்றார். நான் படியில் உட்கார்ந்தேன். உருண்டு கிடந்த விளக்குகளை ஒவ்வொன்றாக எடுத்துத் துடைத்தேன். அந்த இரண்டு மூன்று நாட்களும் எப்படிப் போயின என்று கேட்காதீர்கள். போன் அடித்தாலே ஓடிப்போய் எடுத்தேன்.

பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஊரிலிருந்து வேலைக்கு வந்த பிள்ளைகள் தேக்கா முழுக்கக் கூடி நிற்கும் சாயங்காலத்தில், தம்பி கழுவித் துடைத்த கரண்டியோடு கடைக்கு வந்தார். "அசை போடுறாக்கா" என்றார். இரண்டு பேரும் படியில் உட்கார்ந்து கோப்பி குடித்தோம். அடுத்த வருடம் அதை அனுப்ப மாட்டேன் என்று பண்ணையில் மல்லுக்கட்டி நின்றார். அதற்கடுத்த வருடங்களில், சாதுவான மாடு அது ஒன்றுதான் என்று பண்ணை சொன்னபோது ஒரே ஒரு நிபந்தனை வைத்தார். "அந்த அக்கா கட முன்னாடின்னா வருவா. இல்லன்னா இல்ல." இந்த உலகத்தில் மாட்டுக்குக் காவலாக ஒரு மனிதர் என்னைத் தேர்ந்தெடுத்ததை வீட்டுக்காரரிடம் சொன்னபோது, அவர் சிரித்துச் சிரித்துப் புரையேறிப்போனார்.

சென்ற வருடம் தம்பி ஊருக்குப் போய்விட்டார். அப்பாவுக்கு உடம்பு முடியவில்லை, இனித் திரும்ப மாட்டார். கிளம்பும் நாளில் பாப்பாவிடம் சொல்லிக்கொள்ளாமலே வந்துவிட்டதாகச் சொன்னார். சொன்னால் தன்னால் வரமுடியாது என்றார். நிபந்தனை மட்டும் அப்படியே இருக்கிறது. இந்தப் பொங்கலுக்கும் வேலியை என் கடைக்கு எதிரே அடைத்துப் பாப்பாவைக் கட்டினார்கள். கூட வந்த மியன்மார்ப் பையன் நல்லவன், அவன் பாஷையில் மெல்ல ஏதோ பாடுகிறான். பாப்பாவுக்கு வயதாகிவிட்டது, முதுகெலும்பு துருத்திக்கொண்டிருக்கிறது. வேலிக்குப் பக்கத்தில் ஒரு முக்காலி போட்டுக்கொண்டு, மாட்டுப் பொங்கல் முழுவதும் மடியில் அந்த மரக்கரண்டியோடு உட்கார்ந்திருந்தேன். பயம் போகவில்லை. வால் என் பக்கம் வீசினால் இப்போதும் துள்ளி எழுகிறேன். தட்டோடு ஓர் அம்மா வந்து, "இன்னிக்கு அவளுக்குத்தானே விசேஷம்" என்றார். கரண்டியைக் காட்டி, பல் பதிந்த இடத்தில் அவரை விரல் வைத்துப் பார்க்கச் சொன்னேன். தட்டைத் திருப்பி எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

மதியம் ஊரிலிருந்து போன் வந்தது. நல்லா இருக்கீங்களா என்றுகூடத் தம்பி கேட்கவில்லை. "அசை போடுறாளாக்கா?" என்றார்.

"போடுறாப்பா" என்று சொல்ல வாயெடுத்தேன். பார்த்தால், தாடை நின்றிருந்தது. போனைக் காதில் வைத்தபடியே, "சாம்பிராணி இருக்கு, கற்பூரம் இருக்கு, கோலமாவு இருக்கு" என்று மெல்லச் சொன்னேன். மறுமுனையில் அவரும் மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தார். கழுத்து வழியாக ஓர் உருண்டை மேலே ஏறி வரும் வரைக்கும் இரண்டு பேரும் காத்திருந்தோம்.